இரண்டு அரங்கங்கள்

அரங்கம் என்னும் சொல்லுக்குத் தமிழிலே இரு பொருள் உண்டு. ஆறு இரு கிளையாகப் பிரிந்து ஓடும்போது இடையே எழுந்து நிற்கும் மேட்டு நிலம் அரங்கம். கூத்தும் பாட்டும் நாடகமும் நிகழும் மேடையும் அரங்கம். காவிரியும் கொள்ளிடமும் இருபுறமும் தழுவ நிற்கும் திருவரங்கம் முதற் பொருளுக்கு எடுத்துக்காட்டு. பாலத்தைக் கடந்து தென்கரைக்கு வந்தால் திருச்சிராப்பள்ளி. அங்கே, மலைக்கோட்டையின் அடிவாரத்தில், இரண்டாம் பொருளுக்கான அரங்கங்கள் ஒரு காலத்தில் இரவெல்லாம் ஒளிவிட்டன.

இடையே இருப்பது ஒரு பாலந்தான். ஆனால், அந்த இரண்டு அரங்கங்களுக்கும் பொதுவான வழக்கு ஒன்று நெடுங்காலம் தீர்ப்பின்றிக் கிடந்தது. பெண்ணொருத்தி, பலர் முன்னே நின்று, ஆடிப் பாடி நடித்து, அதனால் வரும் ஊதியத்தைக் கொண்டு தலைநிமிர்ந்து வாழலாமா, கூடாதா என்பதே அந்த வழக்கு. கற்றோர் பேசினர், பெரியோர் பேசினர், ஊரார் பேசினர். திருச்சியிலே அந்த வழக்குக்கு விடை தந்தவளோ ஒரு சிறுமி! பேச்சால் தரவில்லை அவள், பிழைப்பால் தந்தாள். அந்தச் சிறுமியின் பெயர் ராஜலட்சுமி. பின்னாளில் நாடு அவரை டி. பி. ராஜலட்சுமி என்று அழைத்தது, 'சினிமா ராணி' என்று கொண்டாடியது, பிறகு மறந்தது.

அவர் கதைக்குப் போகுமுன், வழக்கின் வேரைச் சற்றே காண்போம்.

திருவரங்கத்திலே மார்கழியில் அரையர் சேவை நடைபெறுகிறது. நீண்ட குல்லாயும் மாலையும் அணிந்து, கையிலே தாளம் ஏந்தி, ஆழ்வார்களின் பாசுரங்களை இசைத்து அபிநயமும் செய்வர் அரையர். பரம்பரை உரிமை, ஆடவர்க்கே உரியது. தலைவி ஏங்கிப் பாடும் பாட்டு உண்டு, தாய் மகளை எண்ணிக் கலங்கும் பாட்டு உண்டு. அவற்றையும் பாடுவோர் ஆடவரே. பகற்பத்தின் பத்தாம் நாளிலோ, பெருமாளுக்கே மோகினி அலங்காரம்! ஆண் உருவுக்குப் பெண் கோலம் பூட்டி, அழகு அழகு என்று கூட்டம் கசிந்துருகும். இதிலே குறை காண்பாரில்லை. நாமும் குறை கூற இதை எடுக்கவில்லை. பழமையான கலை, காக்கத்தக்க கலை. ஆனால் எண்ணிப் பாருங்கள்: ஆணொருவன் பெண்ணாகப் பாடினால் அது பக்தி, ஆண் உருவம் பெண்ணாக அலங்கரிக்கப்பட்டால் அது திருவிழா. பெண்ணே பெண்ணாக மேடையில் நின்றால் மட்டும் அது இழுக்கு! எங்கிருந்து வந்தது இந்தக் கணக்கு?

அதே திருவரங்கத்தில் கிழக்கே ஒரு கோபுரம், வெள்ளைக் கோபுரம். வெள்ளையம்மாள் என்ற ஆடல்மகள், படையெடுப்புக் காலத்திலே, கோயிலைச் சூறையாட வந்த தலைவனைக் கோபுரத்தின் உச்சிக்கு அழைத்துச் சென்று தள்ளிவிட்டுத் தானும் குதித்து மாண்டாள் என்பது அவ்வூரார் வழிவழியாகச் சொல்லிவரும் கதை. அவள் நினைவாகவே அந்தப் பெயர் என்பர். செத்த ஆடல்மகளுக்குக் கோபுரம்! உயிரோடிருந்த ஆடல்மகளிர்க்கோ? அவர்கள் குலத்தையே வசைச்சொல் ஆக்கிவிட்டது இந்தச் சமுதாயம். கோபுரத்தின் உயரத்தையும் வசைச்சொல்லின் தாழ்வையும் ஒருங்கே படைத்த ஊர் மனம் ஒன்றுதான், இரண்டல்ல.

இனிப் பாலத்தைக் கடந்து தென்கரைக்கு வருவோம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே திருச்சி, தென்னிந்திய இரயில்வேயின் தலைமையிடம். தஞ்சைக்கும் மதுரைக்கும் ஈரோட்டுக்கும் இங்கிருந்து பாதை பிரிகிறது. நாடகக் குழுவுக்கு இருப்புப்பாதைதான் உயிர்நாடி. திரைச்சீலைகளும் கிரீடங்களும் ஆர்மோனியமும் மூட்டை மூட்டையாய் வண்டியில் ஏறும், இறங்கும். ஆகவே திருச்சியில் நாடகம் தழைத்தது. இரயில்வே அதிகாரியாக இருந்த எப். ஜி. நடேச ஐயர் 1914ஆம் ஆண்டு இங்கே ரசிக ரஞ்சன சபாவைத் தொடங்கினார். அலுவலில் இருப்போரும் வழக்குரைஞரும் கூடி மாலையிலே வேடம் புனைந்தனர். பின்னாளில் தமிழகமே மயங்கிய எம். கே. தியாகராஜ பாகவதர், சிறுவனாக, அரிச்சந்திரன் மகன் லோகிதாசனாக மேடை ஏறியதும் அந்தச் சபாவிலேதான். பட்டம் பெற்ற ஆடவர் நடித்தனர், மதிப்புக் குறையவில்லை. புடவை கட்டிப் பெண் வேடம் போட்டனர், அப்போதும் குறையவில்லை!

தொழில்முறை நாடகத்தில் நிலை வேறு. சங்கரதாஸ் சுவாமிகள் போன்ற பேராசான்கள் சிறுவர்களைச் சேர்த்துப் பயிற்றினர். பாலர் நாடகக் குழு என்று அவற்றுக்குப் பெயர். மீசை அரும்பும் வரையில், குரல் உடையும் வரையில், அந்தச் சிறுவர்களே வள்ளி, அவர்களே பவளக்கொடி, அவர்களே சந்திரமதி. 'ஸ்திரீபார்ட்' என்பது ஆண்பிள்ளைகளின் பதவிப் பெயராக இருந்தது! பெண்கள் அடியோடு இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. கும்பகோணத்தில் பாலாமணி அம்மையார் பெண்களை மட்டுமே கொண்டு ஒரு குழு நடத்தினார். அவர் நாடகத்தைக் காண மக்கள் இரயிலேறிப் போனார்கள் என்று இன்றும் சொல்லுவர். போனார்கள், பார்த்தார்கள், மயங்கினார்கள், திரும்பி வந்து ஏசினார்கள்! இரவிலே கைதட்டல், பகலிலே ஏச்சு. அந்நாளைய நடிகைக்குச் சமுதாயம் தந்த இரட்டைக் கூலி இது.

அந்தக் காலத்திலே, திருவையாற்றில், 1911ஆம் ஆண்டு பிறந்தவர் ராஜலட்சுமி. தந்தை பஞ்சாபகேச சாஸ்திரி. ஆசாரம் நிறைந்த குடும்பம். கேட்டதைக் கேட்டபடியே திருப்பிப் பாடும் ஆற்றல் குழந்தைக்கு இயல்பாக அமைந்திருந்தது. பாட்டுக்கு யார் கவலைப்பட்டார்கள்? பெண் குழந்தைக்குக் கல்யாணமே கவலை. பொம்மையோடு விளையாட வேண்டிய வயதிலே தாலி கட்டி வைத்தனர். குழந்தை மணத்தைத் தடுக்கும் சட்டம் அன்று இல்லை. பெண்ணுக்குப் பதினான்கு வயது நிறைய வேண்டும் என்று விதித்த சட்டம் 1929இல் இயற்றப்பட்டு, 1930 ஏப்ரல் முதல் நாளன்றுதான் நடைமுறைக்கு வந்தது. அதற்கு ஏறத்தாழ பத்தாண்டு முன்பே இந்தச் சிறுமியின் வாழ்வை முடிச்சுப் போட்டுவிட்டது வழக்கம். முடிச்சு நிலைக்கவில்லை, சீர்வரிசைத் தகராறிலே மணவாழ்வு தொடங்குமுன்னே முறிந்தது. தந்தையும் மறைந்தார்.

இனி என்ன வழி, அந்தத் தாய்க்கும் மகளுக்கும்? ஊர் வகுத்து வைத்திருந்த வழி எல்லோரும் அறிந்தது. அடுக்களையின் இருட்டு மூலை. உறவினர் வீட்டிலே ஒருவேளைச் சோறு. அதற்கு ஈடாக ஆயுள் முழுதும் ஊழியம். வாழாவெட்டி என்று ஒரு பட்டம். அந்த மூலையிலே அடங்கிக் கிடந்திருந்தால், "உத்தமி" என்று சொல்லியிருப்பர். உணவு உண்டாளா என்று கேட்டிருக்க மாட்டார்கள்!

தாயும் மகளும் திருச்சிக்கு வந்தார்கள். மலைக்கோட்டையின் அருகிலே சாமண்ணா என்பவரின் நாடகக் குழு இருந்தது. வாய்ப்புக் கேட்டுப் போய் நின்றாள் சிறுமி. பாடச் சொன்னார்கள், பாடினாள். குரல் கேட்ட சங்கரதாஸ் சுவாமிகள், இவளைச் சேர்த்துக்கொள்ளலாம் என்று சொன்னார் என்று அவர் வரலாறு கூறுகிறது. சுவாமிகள் 1922இல் மறைந்தவர். ஆக, அந்தச் சொல் கிடைத்தபோது ராஜலட்சுமிக்குப் பதினொரு வயதுக்கு மேல் இராது. பவளக்கொடி நாடகத்திலே மேடை ஏறினாள். மாதச் சம்பளம் வந்தது. உற்றார் முகம் திருப்பிக்கொண்டனர். சோறு போட முன்வராத கைகள், சுட்டிக்காட்ட மட்டும் நீண்டன!

மேடை என்பது எளிய பிழைப்பு என்று எவரும் எண்ணவேண்டாம். ஒலிபெருக்கி இல்லாத காலம். இரவு பத்து மணிக்குத் தொடங்கினால் விடியும்வரை நாடகம். கடைசி வரிசையில் தரையிலே அமர்ந்திருப்பவன் காதுக்கும் பாட்டு எட்டவேண்டும். எட்டாவிட்டால் சீழ்க்கை பறக்கும். 'ஸ்பெஷல் நாடகம்' என்ற முறையிலோ, இன்னும் கடுமை. வெவ்வேறு ஊரிலிருந்து நடிகர்கள் தனித்தனியே வரவழைக்கப்படுவர். ஒத்திகை கிடையாது. முருகனாக வருபவர் யாரென்று வள்ளிக்கு மேடையில்தான் தெரியும். அங்கேயே தருக்கம் தொடங்கும். அவர் ஒரு பாட்டால் மடக்குவார், இவர் மறுபாட்டால் மடக்கவேண்டும். கூட்டம் தீர்ப்பளிக்கும். பாட்டறிவு, சொல்லறிவு, சமயோசித அறிவு மூன்றும் இல்லாதவள் அங்கே ஓர் இரவுகூடத் தாக்குப்பிடிக்க முடியாது. மதுரை, புதுக்கோட்டைப் பகுதிகளிலே இன்றும் திருவிழாக்களில் அந்தக் கலையைக் காணலாம். பள்ளிக்கூடம் மறுத்த கல்வியை ராஜலட்சுமி அந்தப் பலகைமேல் பெற்றார். வாய்ப்பூட்டுப் போடப்பட்ட நாட்டில், ஆணோடு சரிநிகராக நின்று வாதிட்டு வெல்லும் உரிமை ஒரு பெண்ணுக்குக் கிடைத்த இடம், எதுவென்றால், பழிக்கப்பட்ட அந்த நாடகமேடைதான்!

இங்கே நம் பாட்டியாரை நினைத்துக்கொள்கிறோம். திருவரங்கத்திலே வாழ்ந்து முடிந்தவர். எழுத்தறியார். ஆனால் வள்ளி நாடகத்துப் பாட்டுக்கள் அவர் நெஞ்சிலே வரிசையாக இருந்தன. மாவு அரைக்கும்போது மெல்ல முணுமுணுப்பார். ஆள் அரவம் கேட்டால் நிறுத்திவிடுவார். "எங்கே பாட்டி கத்துக்கிட்டீங்க?" என்று சிறுவயதில் கேட்டோம். "அக்கரையிலே டிராமா பார்க்கப் போனோம் ஒருதரம். உங்க தாத்தாதான் கூட்டிக்கிட்டுப் போனாரு. விடிஞ்சு வந்தா, தலைமுழுகிட்டுத்தான் அடுப்பங்கரைக்குள்ளே வரணும்னு மாமியார் சொல்லிட்டாங்க" என்றார். தாத்தாவும் தலைமுழுகினாரா என்று கேட்டோம். பாட்டி சிரித்துவிட்டார். "அவருக்கென்ன, திண்ணையிலே படுத்துத் தூங்கினாரு!"

பார்த்தவளே முழுகவேண்டும் என்றால், நடித்தவள் எத்தனை முறை முழுகவேண்டும்? ஒரே நாடகம், ஒரே இரவு, ஒரே பாய். பார்த்த ஆண் தூங்கினான். பார்த்த பெண் நனைந்தாள். பாட்டியாரின் அந்தச் சிரிப்புக்குள்ளே ஒரு நூற்றாண்டின் நீதி புதைந்திருந்தது என்பது நமக்கு வளர்ந்த பிறகே விளங்கிற்று.

மேடையிலே புகழ்பெற்ற ராஜலட்சுமியைப் படவுலகம் தேடி வந்தது. ஊமைப் படங்களில் தோன்றினார். 1931 மார்ச்சில் பம்பாயில் 'ஆலம் ஆரா' வெளிவந்து, இந்தியப் படம் பேசத் தொடங்கியது. அதை எடுத்த அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனமே, எச். எம். ரெட்டியை இயக்கச் செய்து, தமிழ் பேசும் படமொன்றையும் எடுத்தது. அதுதான் 'காளிதாஸ்'. 1931 அக்டோபர் 31ஆம் நாள் சென்னையில் கினிமா சென்ட்ரல் கொட்டகையில் திரையிடப்பட்டது. கதாநாயகி ராஜலட்சுமி தமிழில் பேசுவார். கதாநாயகன் தெலுங்கிலே மறுமொழி சொல்லுவார்! மக்கள் அதைப் பொருட்படுத்தவில்லை. திரையிலே உருவம் அசைகிறது, தமிழ் ஒலிக்கிறது. அது போதும் என்று திரண்டார்கள். தமிழ்த் திரை முதன்முதலாகப் பேசியபோது, அந்தத் தமிழ்க் குரல் ஒரு பெண்ணின் குரல். மணவாழ்வு மறுக்கப்பட்டு மூலைக்குத் தள்ளப்பட இருந்த ஒரு பெண்ணின் குரல்!

ஏன் அவரைத் தேடினார்கள்? காரணம் கலை மட்டுமல்ல, தொழில்நுட்பமுங்கூட. பின்னணிப் பாடகர் என்ற ஏற்பாடு அப்போது இல்லை. படக்கருவி ஓட ஓட, நடிப்பவரே பாடவேண்டும். அங்கேயே ஒலி பதிவாகும். முகம் மட்டும் இருந்தால் போதாது, தொண்டை வேண்டும். தவறினால் படச்சுருள் பாழ். மேடையிலே பழகிய பெண்தான் அந்தப் பணிக்குத் தேவைப்பட்டார். நாடகக்காரி என்று எவர் இகழ்ந்தனரோ, அவர்கள் புதுமை என்று போற்றிய பேசும்படம், அந்த நாடகக்காரியின் தொண்டையை நம்பியே பிறந்தது. 1934 வரையில் சென்னையில் ஒலிப்பதிவுக்கேற்ற படப்பிடிப்பு நிலையம் இல்லை. பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் பயணம் செய்தே தமிழ்ப்படம் எடுத்தனர். அப்படிக் கல்கத்தாவில் எடுக்கப்பட்டு 1933இல் வெளிவந்த 'வள்ளி திருமணம்' பெரும் வெற்றி பெற்றது. வள்ளியாக நடித்தவர் ராஜலட்சுமி. அதிலே நாரதராக நடித்த டி. வி. சுந்தரம் அவருடைய வாழ்க்கைத் துணைவரானார். சிறுவயதிலே ஊர் கட்டிய முடிச்சு அறுந்தது. தாமே தேர்ந்த துணை நிலைத்தது.

நடித்தார், புகழ் பெற்றார் என்ற அளவில் நின்றிருந்தால், நாம் இத்தனை எழுத வேண்டுவதில்லை. ராஜலட்சுமி 'கமலவல்லி' என்று ஒரு நாவல் எழுதினார். அந்தக் கதையை, ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்ற தம் சொந்த நிறுவனத்தின் பெயரால், 1936இல் 'மிஸ் கமலா' என்ற படமாக்கினார். கதை அவருடையது, பணம் அவருடையது, நடிப்பு அவருடையது, இயக்கமும் அவருடையது! தென்னாட்டிலே படம் இயக்கிய முதற் பெண் அவர். வடக்கே பாத்மா பேகம் 1926இல் ஊமைப்படம் ஒன்றை இயக்கியிருந்தார். இத்தாலி நாட்டில், நேப்பிள்ஸ் நகரிலே, எல்விரா நோத்தாரி என்ற அம்மையார் ஊமைப்படக் காலத்தில் ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்களை இயக்கினார். தமிழ்நாட்டிலே முதற்படி செதுக்கியவர், மலைக்கோட்டை அடிவாரத்தில் பாடிக்காட்டி வேலை கேட்ட அந்தச் சிறுமி. பிறர் எழுதிக் கொடுத்ததைப் பேசுவது வரையில் பெண்ணுக்கு விட்டுக்கொடுத்திருந்த உலகம் அது. என்ன பேசவேண்டும் என்பதைப் பெண்ணே எழுதினாள் என்பதுதான் 1936இன் புதுமை.

அதே 1936ஆம் ஆண்டிலே மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரின் 'தாசிகள் மோசவலை' நாவலும் வெளிவந்தது என்பதைத் தோழர்கள் நினைவிற் கொள்ளவேண்டும். ஒருவர் திருவையாற்றுச் சாஸ்திரியார் வீட்டுப் பெண். மற்றவர் பொட்டுக்கட்டும் முறையின் கொடுமையை நேரே அறிந்து அதை ஒழிக்க உழைத்தவர். இருவர் பாதையும் வேறு, இருவர் பேசிய மேடையும் வேறு. ஆயினும் இருவரும் தம் கதையைத் தாமே சொல்லத் துணிந்தவர்கள். பொட்டுக்கட்டும் முறையை ஒழிக்கும் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947இல் நிறைவேறியது.

ஒன்றைத் தெளிவாகச் சொல்ல விரும்புகிறோம். "நல்ல குடும்பத்திலிருந்து வந்த முதல் நடிகை" என்று சிலர் ராஜலட்சுமியைப் புகழ்வதுண்டு. அந்தப் புகழுக்குள்ளே ஓர் இழிவுரை ஒளிந்திருக்கிறது. அவருக்கு முன்னும் அவரோடும் மேடையில் உழைத்த நூற்றுக்கணக்கான பெண்கள் எந்தக் குடும்பத்திலிருந்து வந்தார்கள்? கெட்ட குடும்பத்திலிருந்தா? இசையையும் ஆடலையும் தலைமுறை தலைமுறையாகக் காத்துக் கொடுத்தவர்கள் அவர்கள். ராஜலட்சுமியின் பெருமை பிறந்த வீட்டிலே இல்லை. அந்த வீடுதான் அவரைக் கைவிட்டதே! அவர் பெருமை, அவர் செய்த வேலையிலே இருக்கிறது.

இந்தத் தடை நம் நாட்டுக்கு மட்டும் உரியதா என்றால், அல்ல. சற்றுமுன் சொன்ன இத்தாலியையே எடுத்துக்கொள்வோம். போப்பாண்டவரின் நேராட்சியில் இருந்த ரோமாபுரியில், பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதி வரையில், பெண்கள் மேடையேறத் தடை இருந்தது. அங்கும் ஆடவரே பெண் வேடமிட்டனர். ஜெர்மானியப் பெருங்கவிஞர் கேத்தே நேரிலே பார்த்து அதைப் பற்றி எழுதியிருக்கிறார். மதகுருவின் ஊரிலே தடை. ஆற்றங்கரை அரங்கத்திலும் தடை. கடல் பிரித்த நாடுகளை ஒரே எண்ணம் இணைத்து வைத்திருந்தது!

அந்த இத்தாலியிலே 1858இல் பிறந்தவர் எலியனோரா டூசே. ஊர் ஊராய்ச் சுற்றும் நாடகக்காரர் குடும்பத்தின் மகள். குழந்தைப் பருவத்திலேயே மேடை ஏறினார். பதினான்கு வயதில் வெரோனா நகரிலே ஜூலியட்டாக நடித்தார். 1895இல் இலண்டனில், பிரெஞ்சு நாட்டுச் சாரா பெர்னார்டும் இவரும் ஒரே பாத்திரத்தைத் தனித்தனியே நடித்துக் காட்டினர். எந்தப் பாத்திரம்? மாக்டா. தந்தை சொன்ன மணமகனை மறுத்ததால் வீட்டைவிட்டு விரட்டப்பட்டு, பாடகியாகப் புகழ் பெற்று, பிறந்த ஊருக்குத் திரும்பும் பெண்! டூசே நடித்துக் காட்டிய கதையைத்தான், ஒருவகையில், நம் ராஜலட்சுமி வாழ்ந்து காட்டினார். 1923இல் அமெரிக்காவின் 'டைம்' இதழ் தன் அட்டையிலே முதன்முதலாக ஒரு பெண்ணின் உருவத்தை அச்சிட்டது. அரசியின் உருவமன்று, நடிகை டூசேயின் உருவம். 1924இல் அமெரிக்கப் பயணத்தின்போதே மறைந்தார். உடலைத் தாயகம் கொண்டுவந்து அடக்கம் செய்தனர்.

டூசே நடித்தது ஒரே ஒரு திரைப்படம். 1916இல் எடுத்த 'செனேரே'. நூறாண்டு கடந்தும் அந்தப் படம் காக்கப்பட்டிருக்கிறது. இன்றும் அவர் முகத்தைத் திரையிலே காணலாம். நம் நாட்டிலே? 'காளிதாஸ்' இல்லை. 'மிஸ் கமலா' இல்லை. தமிழ் பேசிய முதற்படமும், தமிழ்ப் பெண் இயக்கிய முதற்படமும் பிரதியின்றி மறைந்தன. அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும் பொருளால் ஆனது, வெப்பத்திலே கெடும், ஓடி முடிந்த படத்துக்கு மதிப்பில்லை என்று எறிந்தவரும் உண்டு. இவை காரணங்கள். ஆனால் பெருங்காரணம் ஒன்றே: காப்பாற்றத் தக்கது என்று எவரும் கருதவில்லை. கூத்தாடி செய்த பொருள்தானே!

ராஜலட்சுமியின் பிற்காலம் வளமாக இல்லை. படங்களை எடுத்ததில் பொருள் கரைந்தது. பாட்டின் இடத்திலே வசனமும் பின்னணிப் பாடலும் வந்தன. புது முகங்கள் வந்தன. வாய்ப்புக் குறைந்தது. 1961இல் அன்றைய சென்னை மாநிலத்தின் கலை விருது அவருக்கு அளிக்கப்பட்டது. 1964இல் மறைந்தார், வயது ஐம்பத்திரண்டு. பெண் குழந்தை என்பதற்காகக் கொல்லப்பட இருந்த ஒரு சிசுவைக் காப்பாற்றி வளர்த்தவர் என்றும் அவரைப் பற்றி எழுதியிருக்கின்றனர். வேண்டாத பெண் என்று ஒதுக்கப்பட்டவர், வேண்டாத பெண்ணொன்றை மடியில் ஏந்திக்கொண்டார். வேறென்ன சான்று வேண்டும், எது நல்ல குடும்பம் என்பதற்கு?

இவையெல்லாம் பழங்கதை, இன்று நடிகைக்குக் கோடி கொட்டுகிறார்களே என்று கேட்பர். கொட்டட்டும். ஆயினும் சென்ற ஆண்டு திருவரங்கத்து நண்பர் ஒருவர் நம்மிடம் வந்தார். மகள் கல்லூரிப் படிப்பை முடித்திருக்கிறாள். மேலே நாடகம் படிக்க விரும்புகிறாள். புதுவைப் பல்கலைக்கழகத்திலே அதற்கென்று ஒரு பள்ளி இருக்கிறது. நண்பர் படித்தவர், பண்பாளர். தாழ்ந்த குரலிலே கேட்டார்: "நீங்களே சொல்லுங்க. நல்ல குடும்பத்துப் பொண்ணு செய்யற வேலையா இது? நாளைக்கு வரன் பார்க்கப் போனா என்ன சொல்றது?"

அந்தப் பள்ளியின் பெயர் தெரியுமா என்று கேட்டோம். தெரியாது என்றார். சங்கரதாஸ் சுவாமிகள் நிகழ்கலைப் பள்ளி என்று சொன்னோம். யார் அந்தச் சுவாமிகள் என்றார். பாலத்துக்கு அப்பால், நூறாண்டுக்கு முன்னே, பதினொரு வயதுச் சிறுமி ஒருத்தியின் குரலைக் கேட்டு, சேர்த்துக்கொள்ளலாம் என்று சொன்னவர் என்றோம். பிறகு அந்தச் சிறுமியின் கதையை, இங்கே எழுதிய இத்தனையையும், சொன்னோம். நண்பர் நெடுநேரம் பேசவில்லை. "அவங்களுக்கு வேற வழியில்ல, போனாங்க. என் பொண்ணுக்கு எல்லா வழியும் இருக்கே" என்றார் கடைசியில்.

நியாயமான சொல். தட்டிக்கழிக்கக் கூடாத சொல். வழியற்றவள் மேடைக்குப் போனால் இரக்கப்படுகிறோம். வழியுள்ளவள் விரும்பிப் போனால் அஞ்சுகிறோம். அப்படியானால், அந்தத் தொழிலை நாம் இன்னும் கதியற்றோரின் புகலிடமாகவே கருதுகிறோம் என்றுதானே பொருள்? மகன் நாடகம் படிப்பேன் என்றால், சம்பளம் கிடைக்குமா என்பது கேள்வி. மகள் படிப்பேன் என்றால், மானம் நிலைக்குமா என்பது கேள்வி! முதற் கேள்வியை இருவருக்கும் கேட்கட்டும். அது தந்தையின் கடமை. இரண்டாவது கேள்வியை இருவருக்குமே கேட்க வேண்டாம். இதைத்தான் நண்பரிடம் சொன்னோம். சில நாள் கழித்துத் தொலைபேசியில் அழைத்தார். விண்ணப்பத்தில் கையெழுத்திட்டுவிட்டாராம். "ஆனா, அவ பாட்டிகிட்ட இன்னும் சொல்லல" என்றார். மகிழ்ந்தோம், அந்தப் பாட்டியாரிடம் சொல்லும்போது நாமும் உடன் வருவதாக வாக்களித்தோம்.

பெண் மருத்துவராகலாம், ஆட்சியராகலாம், வானூர்தி ஓட்டலாம் என்று ஒப்புக்கொண்ட சமுதாயம், கலையை மட்டும் விதிவிலக்காக வைத்திருப்பது ஏன்? அந்தத் தொழிலிலே தீங்குகள் உண்டு என்பர். உண்டு, மறுக்கவில்லை. பெண்ணைப் பண்டமாக்கும் கயவர் அங்கே உண்டு, அலுவலகத்திலும் உண்டு, ஆலையிலும் உண்டு. கயவனைத் தண்டிக்க வேண்டுமேயன்றி, வேலைக்குப் போனவளைத் தலைமுழுகச் சொல்வது அறமாகாது. ஊதியம் ஒழுங்காகவும், பயணம் பாதுகாப்பாகவும், முறையீட்டுக்குச் செவி சாய்க்கும் அமைப்பு உறுதியாகவும் இருக்கும்படி செய்தால், எந்த மேடையும் மாண்புடைய பணியிடம்தான்.

ராஜலட்சுமிக்குச் சிலை கேட்டு இதை எழுதவில்லை. அவர் பெயரை, திருச்சியின் பள்ளிகளிலே, ஆண்டுவிழா நாடகத்துக்கு முன்னால், ஆசிரியர் ஒருவர் மாணவியரிடம் ஐந்து நிமிடம் எடுத்துச் சொல்லட்டும். உங்கள் வீட்டுப் பரணிலே பழைய பாட்டுப் புத்தகமோ, நாடக விளம்பரத் தாளோ, இசைத்தட்டோ கிடந்தால், எடைக்குப் போடாமல் நூலகத்துக்குக் கொடுங்கள். அந்தக் காலத்து நாடகம் பார்த்தவர்களின் பிள்ளைகள் இருந்தால், அவர்கள் கேட்ட பாட்டையும் கதையையும் கேட்டு எழுதி வையுங்கள். படச்சுருள் போயிற்று, நினைவுச்சுருளாவது நிலைக்கட்டும்.

ஆறு வகுத்த அரங்கத்தை ஆறே காக்கும். மனிதர் வகுத்த அரங்கத்தை மனிதர்தாம் காக்கவேண்டும். அதிலே ஏறி நின்று உழைப்பவர் எவரோ, அவருக்கே அது சொந்தம்.